வசனத்தில் இல்லாத பெயர்

பெரியவனின் அம்மாவுக்கு,

நான் சௌக்கியம். உன் முழங்கால் வலி தேவலையா? பெரியவன் ஒழுங்காகப் படிக்கிறானா?

எனக்கு இங்கே இன்னமும் அப்பா வேஷம்தான். கதாநாயகனுக்கு என்னைவிட வயது கூட. ஆனாலும் அவருக்கு நான்தான் அப்பா. தலைக்குப் பூசும் வெள்ளை மாவு தலையணையெல்லாம் அப்பிக்கொள்கிறது. பழைய உறை இருந்தால் அனுப்பு.

நேற்று, காய்ச்சலில் கிடக்கும் மகளைக் கூப்பிட்டு எழுப்புகிற காட்சி. வசனத்தில் இருந்த பெயர் வேறு. என் வாயில் நம் சிட்டுவின் பெயர் வந்துவிட்டது. பதறி டைரக்டரைப் பார்த்தேன். "செல்லப் பேரா இருந்துட்டுப் போகட்டும்யா, ஃபிலிமை வீணாக்க முடியாது" என்று சிரித்துவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விட்டார்.

அவள் போன பிறகு வீட்டில் நாம் இருவருமே வாய்விட்டுச் சொல்லாத பெயர். படம் அங்கே வந்தால் நீ போகாதே. பக்கத்து வீட்டு அக்கா கூப்பிட்டால் கால் வலி என்று சொல். மீறிப் போனாலும், நான் கட்டிலோரம் உட்கார்ந்ததும் எழுந்து வெளியே வந்துவிடு.

தாடி ஒட்டக் கூப்பிடுகிறார்கள். இதை மட்டும் சொல்லிவிடுகிறேன். படத்தில் நான் கூப்பிட்டதும் அந்தப் பெண் கண் விழித்துவிடுகிறாள்.

இப்படிக்கு,
சிட்டுவின் அப்பா