பொழுது விடியாத பண்ணை

என் அருமை அலமேலு அக்காவுக்கு,

வரிசைப்படுத்திக்கொள்ளாமல் எனக்கு எதையும் சொல்ல வராது. "பொண்ணு பாத்துட்டு வந்து சொல்லுடான்னா, ஒண்ணு, ரெண்டுன்னு நம்பர் போட்டுச் சொல்றான்" என்று என்னைக் கேலி செய்தவள் நீ. இப்போதும் அப்படித்தான் தொடங்குகிறேன். எழுதப்போவது இவை:

1. அந்தக் கையடக்க விளையாட்டுக் கருவி உன்னிடம் வந்ததும், அதில் நான் பண்ணை விளையாட்டை ஏற்றித் தந்ததும்.
2. உன் காரியத்தன்று உன் மகன் சேகர் பேசியது.
3. நான் மெமரி கார்டை மட்டும் கேட்டு வாங்கி வந்தது.
4. நீ போய்விட்டதால் உன் பண்ணையில் இனிப் பொழுது விடியாது என்பது.

இந்த வரிசை சரிதானா என்று தெரியவில்லை. நாலாவதை முதலில் வைத்திருந்தேன். மனத்தில் அதுதான் கனத்துக்கொண்டிருந்தது. பிறகு, படிப்பவர்களுக்கு ஒன்றும் புரியாமல் போகுமே என்று கடைசிக்குத் தள்ளினேன்.

உன் பேரன் கல்லூரி விடுதிக்குப் போகும்போது அந்தக் கருவியை மேசை இழுப்பறையில் போட்டுவிட்டுப் போனான். இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு கட்டைவிரல்களால் அழுத்தி ஆடுவது. நடுவில் ஒரு திரை. நான் திண்டிவனம் வந்திருந்த ஒரு மத்தியானம் நீ அதை எடுத்து வந்து என் மடியில் வைத்தாய்.

"டேய் சபா, இதுல எல்லாம் சுட்டுக்கினு, காரு ஓட்டி இடிச்சிக்கினு கெடக்குதுங்க. சண்ட இல்லாதது எதுனா இருக்குமா பாரு."

"உனக்கா அக்கா?"

"பின்ன, பக்கத்து வூட்டுக்காரிக்கா? முட்டியப் புடிச்சிக்கினு உக்காந்தே கெடக்கறேன். டீவியில அழுவற பொம்பளைங்கள எத்தினி நாளு பாக்கறது?"

நான் சர்க்கரை ஆலையின் ஆய்வுக்கூடத்தில் கரும்புச் சாற்றைச் சோதித்தே பணிக்காலத்தை முடித்தவன். எந்த மாதிரியையும் இரண்டு முறை சோதிக்காமல் கையெழுத்துப் போட்டதில்லை. கருவியை விழுப்புரத்துக்கு எடுத்து வந்து அதே பழக்கத்தில்தான் வேலையைத் தொடங்கினேன். முதலில் அதன் மென்பொருளைப் புதுப்பித்தேன். உள்ளே இடம் போதாது என்றது. பேரனின் விளையாட்டுகளை அழிக்கலாம். ஆனால் அவன் வந்து கேட்டால் என்ன சொல்வது? அந்தப் பயத்தில் ஒரு மெமரி கார்டு வாங்கிப் பொருத்தினேன். உன் பெயரில் ஒரு கணக்கைத் தொடங்கி, பண்ணை விளையாட்டைப் பதிவிறக்கி அந்தக் கார்டில் ஏற்றினேன். பாதியில் மின்சாரம் போயிற்று. விட்ட இடத்திலிருந்தே தொடரலாம் என்று திரை சொன்னது. நான் நம்பவில்லை. அதுவரை இறங்கியதை அழித்துவிட்டு முதலிலிருந்து ஏற்றினேன்.

திண்டிவனத்தில் உன் பக்கத்தில் உட்கார்ந்து அதைத் திறந்தது நினைவிருக்கிறதா? பண்ணை உரிமையாளரின் பெயர் என்ன என்று முதலில் கேட்டது. பண்ணையின் பெயர் என்ன என்று அடுத்துக் கேட்டது.

"ரெண்டுக்கும் அலமேலுன்னே போடு."

"பண்ணைக்கு வேற ஏதாவது பேரு வெக்கலாமே அக்கா."

"போடுன்னா போடு. பிரம்மதேசத்துப் பக்கம் அத்தினி நெலம் இருந்துச்சு. இந்த வருசம் மல்லாட்ட போடலாமா, கேப்ப போடலாமான்னு ஒரு நாளு ஒருத்தரு என்னக் கேட்டாங்களா? களை புடுங்க மட்டும் அலமேலு வேணும். இது பாரு, எடுத்த ஒடனே பேரு கேக்குது."

தமிழ் எழுத்து அதில் இல்லை. ஆங்கில எழுத்தில் உன் பெயரைத் தட்டினேன். அதைப் படிக்கத் தெரியாமல் நீ அதையே பார்த்துக்கொண்டிருந்தாய்.

பிறகு நீ என்னை விட்ட பாடில்லை. விதைப் பட்டியலில் நிலக்கடலையைத் தேடிவிட்டு, மல்லாட்டை இல்லை, கேப்பை இல்லை, இது என்னா ஊருடா என்றாய். பெயர் தெரியாத ஒரு வெள்ளைக் கிழங்கை முள்ளங்கி என்று நீயே முடிவு செய்தாய். மழை பெய்தால் அன்றைக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டாம் என்பதைக் கண்டுபிடித்து, போன் போட்டுச் சொன்னாய். நான் புதுப்பிப்பதற்காகக் கருவியை எடுத்துப் போகக் கேட்டபோது அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டாய்.

"ஒரு வாரம் நீ வெச்சிக்கினா எம் மாட்டுக்கு யாரு தண்ணி காட்டுவா?"

"மூடி வெச்சா அங்க எதுவுமே நடக்காது அக்கா. மாடு பசியெடுக்காது, செடி வாடாது. நீ தொறந்தாதான் அங்க பொழுது விடியும்."

"நான் இல்லன்னா விடியாதா?" என்று கேட்டாய். பிடியைத் தளர்த்தி, "அப்ப நல்ல ஊருதான்" என்றாய்.

இரண்டாவது விஷயத்துக்கு வருகிறேன். இதை எழுத எனக்குக் கை கூசுகிறது.

உன் கடைசி மாதங்களில் நான் அதிகம் வரவில்லை. எனக்குக் கண்ணில் அறுவை சிகிச்சை நடந்திருந்தது. போனில் கேட்டால், "பண்ணை ஜோரா ஓடுது, நீ கண்ணப் பாத்துக்கோ" என்பாய். உனக்குக் கை நடுங்க ஆரம்பித்துவிட்டது என்று நீ சொல்லவில்லை. நான் கேட்கவுமில்லை.

காரியத்தன்று பந்தி நடந்துகொண்டிருந்தது. சேகர் இலைகளுக்கு நடுவில் நடந்துகொண்டே பேசினான். "எங்கம்மா கடைசி வரைக்கும் வெவசாயம் பண்ணிக்கினேதான் இருந்துச்சு, தெரியுமா? எல்லாம் பொம்ம செடி. வாசல்ல ஒரு துளசி காஞ்சி கெடக்குது, அதுக்கு ஒரு சொம்பு தண்ணி ஊத்தல." பந்தியில் சிரித்தார்கள். "வயசானா கொழந்ததான்" என்று யாரோ சொன்னார்கள். நான் இலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

முட்டி மடங்காத நீ வாசல் படி இறங்கி எப்படித் துளசிக்குத் தண்ணீர் ஊற்றுவாய்? அவன் ஊற்றினால் ஆகாதா? டைல்ஸ் கடையில் ஆள் வராத நேரமெல்லாம் அவன் போனில் சீட்டாடுகிறான். அது பொழுதுபோக்காம். நீ ஆடினால் மூளை பிசகிவிட்டதாம். இதெல்லாம் எனக்கு உடனே தோன்றியது. வாயில்தான் வரவில்லை.

கை கழுவும் இடத்தில் சேகர் இன்னொன்றும் சொன்னான். "அந்த மிஷின ரீசெட் அடிச்சி பஸ் ஸ்டாண்டு பக்கம் செல்போன் கடையில தள்ளிடணும்." ரீசெட் என்றால் உள்ளே இருக்கும் அத்தனையும் அழிந்துபோகும். உன் பெயர், உன் மாடுகள், உன் கிணறு, எல்லாம். அழிக்காதே சேகர், அதை என்னிடம் கொடு என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். வெளியே வந்தது வேறு.

"கார்டு மட்டும் நான் எடுத்துக்கட்டுமா சேகர்? நான் வாங்கிப் போட்டதுதான்."

"எடுத்துக்கோங்க மாமா. அதுக்கு எதுக்கு இப்பிடிக் கையப் பெசஞ்சிக்கினு நிக்கறீங்க? சொத்தா கேக்கறீங்க?"

அதற்கும் சிரித்தார்கள்.

மூன்றாவது சிறியது. கார்டைச் சட்டைப் பையில் வைத்து, பையைக் கையால் பொத்திக்கொண்டே விழுப்புரம் வந்து சேர்ந்தேன். உன் பண்ணையைக் காப்பாற்றிவிட்டதாக அன்று எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. கணினியில் செருகி, முதலில் ஒரு நகல் எடுத்து வைத்துவிட்டு, கோப்புகளை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். விளையாட்டு இருந்தது. நீ ஆடியது இல்லை. மறுபடியும் முதலிலிருந்து பார்த்தேன், இல்லை. பிறகுதான் தேடிப் படித்தேன். அந்த வகைக் கருவி விளையாட்டைக் கார்டில் வைத்துக்கொள்கிறது. ஆடியவர் சேர்த்ததையெல்லாம் தன் சொந்த நினைவகத்தில் வைத்துக்கொள்கிறது. ஆய்வுக்கூடத்துக்காரன் கரும்புச் சக்கையை வீட்டுக்குக் கொண்டுவந்து, சாறு எங்கே என்று தேடியிருக்கிறேன்.

இதை ஏற்றும்போதே படித்திருக்க வேண்டாமா? படித்து மறந்தேனா, படிக்கவேயில்லையா? தெரியவில்லை. கார்டை மேசை இழுப்பறைக்குள் வைத்துப் பூட்டினேன். இந்நேரம் ரீசெட் ஆகியிருக்கும், போய் என்ன பயன் என்று ஒரு நாள் தோன்றும். ஆகாமல் இருந்தால் என்று மறுநாள் தோன்றும். இப்படியே வாரங்கள் போயின.

கடைசியில் பேருந்து ஏறினேன். சேகரிடம் சொல்ல ஒரு வாக்கியம் தயார் செய்துகொண்டேன். விக்கிரவாண்டி தாண்டும்போது அது கொஞ்சம் கடுமையாகப் பட்டது. கூட்டேரிப்பட்டில் 'தயவுசெய்து' சேர்த்தேன். திண்டிவனத்தில் இறங்கும்போது அது ஒரு விண்ணப்பமாகவே ஆகிவிட்டிருந்தது.

வீட்டில் உன் மருமகள் கலா மட்டும் இருந்தாள்.

"வாங்க சித்தப்பா. அவரு கடைக்குப் போயிருக்காரே."

"பரவால்லம்மா. அக்காவோட மிஷினு... அதக் கடையில குடுத்தாச்சா?"

அவள் வாசல் பக்கம் ஒரு முறை எட்டிப் பார்த்தாள். "எதுக்குக் கேக்கறீங்க?" என்றாள்.

தயார் செய்திருந்த வாக்கியம் போன இடம் தெரியவில்லை. கார்டைப் பையிலிருந்து எடுத்து நீட்டினேன்.

"நீங்கதான் எடுத்துக்கினு போனீங்களா? நான் அன்னிக்கி அடுப்படியில கெடந்தேன், எனக்கு யாரும் சொல்லல. உங்க மருமவன்தான் கழட்டி எங்கனா கடாசிட்டாருன்னு நெனச்சி ஒரு வாரம் அவருக்கு மூஞ்சி குடுத்துப் பேசல. பாவம், அவருக்கு ஏன்னே தெரியாது." சிரித்துக்கொண்டே உள்ளே போனவள், கேப்பை மாவு டப்பாவுக்குப் பின்னாலிருந்து ஒரு துணிச் சுருளை எடுத்து வந்தாள். உன் கருவி அதில் இருந்தது. "கெட்டுப்போச்சு, கடைக்காரன் வேணாம்னுட்டான்னு அவருகிட்ட சொல்லி வெச்சிருக்கேன். கேம் பேரு தெரியுது. தட்டினா கார்டு போடுன்னுது."

"நீ ஆடுவியாம்மா?"

"அத்தைக்குக் கையி ஆட ஆரம்பிச்சதுலேர்ந்து நான்தான அழுத்தறேன். அவங்க சொல்லுவாங்க, நான் பண்ணுவேன். 'அங்க வெட்டாதடி, இங்க வெட்டு. ஜல்தியா ஊத்துடி.' வூட்ல அதட்டினது பத்தாதுன்னு அதுலயும் அதட்டலு. ஒரு வரிச பூச்செடி நட்டுக்கட்டுமா அத்தைன்னு கேட்டேன். பூ வந்து சோறு போடுமான்னுட்டாங்க."

இதைக் கேட்டு எனக்கு மகிழ்ச்சி வரவில்லை அக்கா. முதலில் வந்தது பொறாமை. அந்தப் பண்ணை உனக்கும் எனக்கும் மட்டும் தெரிந்தது என்று நினைத்திருந்தேன். அடுத்து வந்தது கோபம், உன் மேல். உன்னை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று அத்தனை வருத்தப்பட்டாயே, நீ கலாவை எதைக் கேட்டாய்? ஒரு வரிசை பூ. அதுவும் பொம்மைப் பூ. அதைக்கூட விட மனம் வரவில்லையா உனக்கு?

கார்டைச் செருகினேன். ரீசெட் ஆகவில்லை. திரையில் உன் பெயர் வந்தது. சேவல் கூவியது. வெளிச்சம் மெல்லப் பரவியது. கலா என் கையிலிருந்து அதை வாங்கிக்கொண்டாள். என்னை மறந்துவிட்டாள் என்றே சொல்ல வேண்டும். கிணற்றடிக்குப் போனாள், தண்ணீர் ஊற்றினாள், தொழுவத்தைத் திறந்துவிட்டாள்.

"இந்தக் கன்னுக்குட்டி பேரு என்னா தெரியுமா சித்தப்பா? சபா. எதையும் முட்டாது, எப்பவும் வேலி ஓரமாவே நிக்குது, எந் தம்பி மாதிரின்னு அத்தைதான் வெச்சாங்க."

அது வேலி ஓரமாகத்தான் நின்றுகொண்டிருந்தது.

"இப்ப ஒரு வரிச பூ நடப்போறேன். அத்தை இருந்தா திட்டுவாங்க."

திட்டமாட்டாள் என்று சொல்ல நினைத்தேன். சொல்லவில்லை. நீ திட்டுவாய்.

இதையெல்லாம் எழுதலாமா, சேகர் படித்தால் அவளுக்குத் தொல்லையாகாதா என்று கலாவிடம் கேட்டேன். "எழுதுங்க. மாவு டப்பாவுக்குப் பின்னாடி எத்தினி நாளைக்கி ஒளிச்சி வெக்கறது?" என்றாள். என்னைவிடத் தைரியசாலிதான்.

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். உன் தலைத்திவசத்துக்குச் சேகர் மறுபடியும் பந்தி போடுவான், அந்தப் பொம்மைச் செடிக் கதையை மறுபடியும் சொல்வான். அன்றைக்கு நான் இலையைப் பார்க்க மாட்டேன். உன் அம்மாவை முதல்முதலில் பெயர் கேட்ட இடம் அது சேகர், அதைச் சொல்லிச் சிரிக்காதே என்பேன். குரல் நடுங்கும். நடுங்கினாலும் சொல்லி முடிப்பேன். 'தயவுசெய்து' சேர்க்க மாட்டேன்.

எழுதியதை இரண்டாம் முறை படித்துப் பார்த்தேன். நாலாவதாகப் போட்டது தவறு. நீ போனதால் அங்கே பொழுது விடியாமல் போகவில்லை. கார்டை நான் எடுத்து வந்து பூட்டி வைத்திருந்ததால்தான் விடியவில்லை. ஆனாலும் அதைப் பட்டியலிலிருந்து அடிக்காமல் விடுகிறேன். இத்தனை வாரமும் நான் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன்.

வேலி ஓரத்திலிருந்து,
உன் தம்பி
சபாபதி,
விழுப்புரம்.