போளூர் டீமுக்குப் போட்ட கேசரி

அன்புள்ள தீபாவுக்கு,

என் முழங்காலைத் தவிர இங்கே எல்லாம் சௌக்கியம். கனடா குளிரில் நீயும் மாப்பிள்ளையும் உடம்புக்கு ஒன்றும் வராமல் இருக்க வேண்டும் என்பதே என் நினைப்பு.

உங்கப்பா பட்டுக்கடை மேனேஜர் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு என் சமையற்கட்டை மேனேஜ் பண்ண ஆரம்பித்ததைப் போனில் சொன்னேன் அல்லவா, மிளகாய்த்தூள் டப்பா எங்கே இருக்க வேண்டும் என்பதற்குக்கூடக் கணக்கு சொல்வார். அந்த நேரம் பார்த்து நம் தெருப் பிள்ளைகள் வந்து, அவ்வளவு பெரிய கடையை நடத்தினவர் எங்கள் கால்பந்து கிளப்புக்கு மேனேஜராக இருக்க வேண்டும் என்று கேட்டார்கள், நான் அவர்களுக்கு இரண்டு தடவை காப்பி கொடுத்தேன். ஆனால் இவர் கிளப்பையும் கடையாகவே நடத்தினார், முதல் நாளே மைதானத்துக்கு வெளியே ஷூவைக் கழற்றிவிட்டு வரச் சொல்லியிருக்கிறார். ஆடின ஆட்டமெல்லாம் தோல்வி. போளூர் டீமிடமும் தோற்றால் வேறு ஆளைப் போடுவோம் என்று கேப்டன் அஜித் சொல்லிவிட்டான். மறுபடியும் இந்த மனிதர் பகலெல்லாம் என் அடுப்படியிலா? படவேடு ரேணுகாம்பாளுக்கு மாவிளக்கு போடுவதாக வேண்டிக்கொண்டேன்.

ஆட்டத்தன்று காலையிலேயே என்னைக் கேசரி கிண்டச் சொன்னார், போண்டாவுக்கு மாவு கரைக்கச் சொன்னார். நம் பிள்ளைகளுக்குத்தான் என்று நினைத்தேன். போளூர்க்காரர்கள் வேனில் வந்து இறங்கினதும் பாய் விரித்து உட்கார வைத்து, கல்யாணப் பட்டு எடுக்க வந்த சம்பந்தி வீட்டாருக்குச் செய்வதுபோல் கேட்டுக் கேட்டுப் போடுகிறார். நம் பிள்ளைகளுக்கு ஒரு போண்டாகூட இல்லை, ஜவுளி எடுக்க வந்த பார்ட்டி கிளம்பின பிறகுதான் கடை ஆட்கள் சாப்பிட வேண்டுமாம். அஜித் சண்டைக்கே வந்துவிட்டான். அதற்கு இவர், "வந்தவங்க வெறும் வயித்தோட உக்காந்துகினு இருந்தா நமக்கு என்னடா மரியாதை? முதல்ல சாப்பிடட்டும், ஆட்டம் எங்க ஓடிப் போகுது" என்றார். மனதில் சூது ஏதும் இல்லை, அவருக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

அப்புறம் நடந்ததைக் கேள். போளூர்ப் பிள்ளைகளால் ஓட முடியவில்லை, விலாவைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள், அவர்கள் கோல்கீப்பர் கம்பத்தில் சாய்ந்து ஏப்பம் விடும்போதே பந்து அவனைத் தாண்டி உருண்டு போயிற்று. பசியோடு இருந்த நம் பிள்ளைகள் பறந்தார்கள், இரண்டு கோல். உங்கப்பாவைத் தோளில் தூக்கிக்கொண்டு தெரு முழுக்கச் சுற்றி வந்தார்கள். ஓய்வு பெற்றதிலிருந்து அவர் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை நான் பார்க்கவில்லை, எனக்கு அழுகையே வந்துவிட்டது. எல்லாம் தன் பயிற்சி என்று நம்பிக்கொண்டிருக்கிறார், நீயும் அப்படியே பாராட்டிவிடு.

இனி அவர்தான் நிரந்தர மேனேஜர் என்று முடிவாகிவிட்டது. நானும் மாவிளக்கு போட்டுவிட்டு வந்தேன். வந்து பார்த்தால் மனிதர் அடுப்படியில் நிற்கிறார். அடுத்த மாதம் கண்ணமங்கலம் டீம் வருகிறதாம், கேசரிக்கு நெய் போதவில்லையாம், போண்டா இன்னும் பெரிதாக வேண்டுமாம், தினமும் ஒரு ஈடு போட்டுக் காட்டச் சொல்கிறார்.

நீங்கள் இருவரும் குறைவில்லாமல் நன்றாக இருக்க வேண்டும். தலைக்குக் குளித்தால் ஈரத்தோடு வெளியே போகாதே. எங்கள் இருவருக்கும் டிக்கெட் எடுப்பதாகச் சொன்னாயே, கிளப்பை விட்டு அவர் வரமாட்டார், எனக்கு மட்டும் எடு. கண்ணமங்கலத்துக்காரர்கள் வருவதற்கு முந்தின தேதியாக இருக்கட்டும்.

ஆசிகளுடன்,
உன் அம்மா
பரிமளா