இருபத்தேழாவது கைநாட்டு

ரியோபாம்பா, மே மாதம், கிழங்கு தோண்டி முடித்த வாரம்

மதிப்புக்குரிய கொமாத்ரே தெல்ஃபினா அவர்களுக்கு,

கடல் கடந்த லோர்காவில் நீங்களும், நம்மைக் கொமாத்ரே கொம்பாத்ரே ஆக்கிய என் ஞானமகள் நாத்தாலியாவும் நலமாயிருக்கக் குழந்தை இயேசு துணை நிற்கட்டும். நான் நலம். முழங்கால் மட்டும் பேருந்துப் படிகளோடு சண்டை போடுகிறது. இதை எழுதுகிறவர் பேருந்து நிலையத்தில் மனு எழுதித் தரும் தோன் எர்மான். நம் ஊர்க்காரர் இல்லை. அதனால்தான் இரண்டு மணி நேரம் பயணம் செய்து இவரிடம் வந்தேன். பக்கத்துக்கு ஒரு டாலர் வாங்குகிறார். சுருக்கமாகச் சொல்லப் பார்க்கிறேன்.

நாத்தாலியாவின் கல்யாணச் செய்தியோடு நீங்கள் தொலைபேசியில் சொன்னது காதிலேயே இருக்கிறது. எங்க முறை வந்துடுச்சு கொம்பாத்ரே, மெதார்தோ பேருல சங்கத்துல போட்ட ஆயிரத்து இருநூறை வாங்கி அனுப்புங்க என்றீர்கள். கேட்டது நியாயம். ஆனால் சங்கத்தில் போய்க் கேட்க வேண்டாம். ஏன் என்பதில் பாதி உங்களுக்குத் தெரியும். மீதியை உங்கள் வீட்டுக்காரன் மெதார்தோ, ஆண்டவர் அவனுக்கு இளைப்பாறுதல் தரட்டும், கடைசிவரை சொல்லியிருக்க மாட்டான்.

அது ஜெர்மனியில் உலகக் கோப்பைப் பந்தாட்டத்தில் நம் நாட்டுப் பையன்கள் இங்கிலாந்திடம் ஒரு கோலில் தோற்ற வருடம். துங்குராவா மலை ஆகஸ்டில் நெருப்புக் கக்கியதும் அதே வருடம்தான். ஆட்டம் தோற்ற மூன்றாம் நாள், தலைநகர் கீத்தோவிலிருந்து அரசாங்க ஆய்வாளர் ஹிமேனா அம்மா நம் புக்காலோமா கடன் சங்கத்துக்கு வந்தார். மெதார்தோ தலைவர். நான் குழுவில் ஒருவன். அந்த அம்மா கடன் காகிதங்களை மேசையில் பரப்பினார். ஒவ்வொன்றின் அடியிலும் விரல் வைத்துப் பார்த்தார். பிறகு கேட்டார்: “தாத்தா, இந்தக் கைநாட்டு யாருது?”

என்னுதுதான் என்றேன். இருபத்தாறு கடனுக்கும் ஜாமீன் ஒரே விரலா என்றார். மத்த விரலை யாரும் கேக்கல என்றேன். மெதார்தோவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. “இவன்கிட்ட ரெண்டு பசு, ரெண்டு வயல், ஒரு வீடு. இருபத்தாறு பேரும் கைவிரிச்சா ஆளுக்கொரு கொம்பா அறுத்துக் குடுப்பான்?” என்றான். தலைவன் பேசுகிற பேச்சா அது.

யார், எவ்வளவு, எதற்கு வாங்கினார்கள் என்று இருபத்தாறையும் காகிதம் பார்க்காமல் சொன்னேன். அந்த அம்மா ஒவ்வொன்றாகச் சரிபார்த்தார். ஒன்றும் தப்பவில்லை. உங்க ஞாபகம் தங்கம் தாத்தா, ஆனா அதை வித்துக் கடனை அடைக்க முடியாதே என்றார்.

பிறகு பொறுமையாக விளக்கினார். நூறு டாலர் கடன் கொடுத்தால் அதில் ஒன்பது டாலராவது சங்கத்தின் சொந்தப் பணமாக இருக்க வேண்டும். ஜாமீனுக்கு மதிப்பில்லாத கடனுக்கு இன்னும் தனியாக ஒதுக்கவேண்டும். கடன் வராமல் போனால் அந்தச் சொந்தப் பணம்தான் முதலில் கரையும். அது இல்லையென்றால், கோழி விற்றுச் சேமித்த கிழவிகளின் பணம் கரையும். என் விரலைக் கழித்துப் பார்த்தால் பதினாலாயிரம் குறைந்தது. ஆறு வாரத்தில் பங்குப் பணமாகப் போட்டு நிரப்பாவிட்டால் கதவைப் பூட்ட வேண்டும் என்றார்.

பணம் குறைந்தது என் விரலால். நிரப்புவதும் என் பாடு என்று கிளம்பினேன். ஆனால் நம் ஊரில் திருப்பித் தராத பணத்தை எப்படிக் கேட்பது? எனக்குத் தெரிந்தது ஒரே வழி. ஒரு கூடை ரொட்டி, வாழைப்பழம், ஒரு புட்டி சாராயம். திருவிழாவுக்கு ஹோச்சா மொய் கேட்கப் போகிறவன் போலவே வீடு வீடாகப் போனேன். சங்கம்தான் இந்த வருஷம் திருவிழா எடுக்குது, மொய் வைங்க, உங்க முறைக்குத் திரும்ப வரும் என்றேன். பத்தொன்பது வீடுகள் என் ரொட்டியை வாங்கிக்கொண்டன. ரொட்டியை வாங்கினால் பேச்சு முடிந்தது என்று உங்களுக்குத் தெரியும்.

ஆகஸ்ட் முதல் வாரத்தில் ஹிமேனா அம்மா மறுபடி வந்தார். பணம் சரியாக இருந்தது. ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். “திருப்பித் தர்றதா யாருக்காவது வாக்கு குடுத்திருக்கீங்களா? கேட்டா திரும்பப் போற பணம் மூலதனம் ஆகாது தாத்தா.”

கொமாத்ரே, நான் இல்லை என்று தலையாட்டினேன். மெதார்தோ சன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தான். அவர் முத்திரை வைத்துவிட்டுப் போனார். வீட்டுக்கு ஏறுகிற வழியில் மெதார்தோ முன்னால் நடந்தான். ஓடைக்கருகில் நின்றான். “கொம்பாத்ரே, இப்ப இருபத்தேழாவது கடனுக்கும் நீதான் கைநாட்டு வச்சிருக்க.”

பத்தே நாளில் மலை வெடித்தது. மேய்ச்சல் எல்லாம் சாம்பலுக்குக் கீழே போனது. உங்கள் வீட்டுக் கூரைமேல் சாம்பலைத் தள்ளிவிட நாம் ஏறியது நினைவிருக்கும். அந்த வருடம் ஒன்பது பேரால் கடன் கட்ட முடியவில்லை. பத்தொன்பது வீட்டுப் பணத்தில் பாதி கரைந்தது. ஆனால் சேமித்த கிழவிகளில் ஒருத்திகூட ஒரு காசு இழக்கவில்லை. உங்கள் அம்மாவும் இழக்கவில்லை. அந்த ஆய்வாளர் அம்மா கண்டிப்பாக இருந்தது அதற்குத்தான் என்று அப்போதுதான் புரிந்தது.

பிறகு ஒவ்வொருவருக்கும் முறை வந்தது. கல்யாணம், சாவு, ஞானஸ்நானம். சங்கத்துக்குப் போகாதீங்க, கூடை தூக்கிட்டு வந்தவன் நான், என்கிட்ட கேளுங்க என்றேன். பசுக்களும் மேல்வயலும் அப்படித்தான் போயின. சிலர் கேட்காமலே கண்மூடினார்கள். அவர்களுக்கு ஆளுக்கொரு பூசை வைத்தேன். சங்கத்தின் சொந்தப் பணம் இப்போது மெல்ல நிரம்பி, அந்த அம்மா சொன்ன கோட்டுக்கு ஒரு விரல் மேலே நிற்கிறது. அடுத்த மாதம் கீத்தோவிலிருந்து மறுபடி வருகிறார்கள். மெதார்தோவின் பங்குதான் இருப்பதிலேயே பெரியது. அதை எடுத்தால் கோட்டுக்குக் கீழே போய்விடும்.

ஆகவே ஆயிரத்து இருநூறையும் இன்று காலை பணம் அனுப்பும் கடையில் கட்டிவிட்டேன். ரசீது எண் இதோடு இருக்கிறது. அந்தப் பெண் சிரித்தாள். லோர்காவுலேருந்து இங்கதான் பணம் வரும் தாத்தா, இங்கேருந்து ஒருத்தரும் அனுப்பினதில்லை என்றாள். என் ஞானமகளுக்குக் கல்யாணம் என்றேன். கீழ்வயலில் இந்த வருடம் பக்கத்து வீட்டுக்காரர் விதைக்கிறார். எனக்கும் குனிந்து நிமிர முடியவில்லை, நல்லதுதான்.

சங்கத்துப் பங்குக் காகிதத்தை மட்டும் அப்படியே வைத்திருங்கள். அதைக் கொண்டுபோய் யாரிடமும் நீட்ட வேண்டாம். நாத்தாலியாவுக்குப் பிள்ளைகள் பிறந்தால் அவர்கள் பெயருக்கு மாற்றுங்கள். என் ஆசீர்வாதத்தை அவள் நெற்றியில் நீங்களே போட்டுவிடுங்கள்.

இன்னொன்று. நான் தலையாட்டியது பொய் என்று தெரிந்தவன் மெதார்தோ ஒருவன்தான், அவன் போய்விட்டான். இத்தனை வருடம் இதை யாரிடமும் சொல்லவில்லை. மன்னிக்கிற உரிமை மொய் வைத்தவர்களுக்குத்தான் உண்டு. பத்தொன்பது பேரையும் தினமும் பேர் சொல்லி எண்ணுகிறேன். அன்று “எங்க வீட்டுக் கணக்கு மெதார்தோ கையில இல்ல” என்று சொல்லி, பாவாடை மடிப்பிலிருந்து பணத்தை எடுத்து என் கூடையில் வைத்தவர்தான் அந்தப் பத்தொன்பதில் இன்று உயிரோடு இருக்கும் ஒரே ஆள்: தெல்ஃபினா குவாமான்.

இப்படிக்கு,
அப்தோன் பிலாத்தாக்சி
(இடது கட்டைவிரல்)