பீடி தொடாத நான்கு நாட்கள்

அண்ணா,

ராஜகீழ்ப்பாக்கத்தில் ஒரு சின்ன டப்பிங் அறை. ஹெட்ஃபோன் பஞ்சில் யார் யாருடைய வியர்வையோ நாறுகிறது. இன்று காலை அதை உங்கள் மகளின் தலையில் மாட்டிவிட்டேன். நான் இயக்கும் முதல் படம், அவள்தான் நாயகி. தன் வசனத்தைத் தானே பேச வந்திருக்கிறாள். அதற்குள் தயாரிப்பாளர் இரண்டு முறை அழைத்துவிட்டார். என்ன கேட்பார் என்று தெரியும். எடுக்கவில்லை.

நாம் சந்தித்த படத்தில் நான் உதவி இயக்குநர். இருளர் வேடத்துக்கு ஓர் இருளரையே பிடித்துவிட்டதாக யூனிட்டுக்கே பெருமை. காட்டாங்குளத்தூருக்கு அப்பால், அறுவடை முடிந்த வயலில் எலி பிடிக்கும் காட்சி. இயக்குநர் உங்களைக் கத்திக்கொண்டு குதிக்கச் சொன்னார்.

"கத்துனா எலி இன்னா, வணக்கம் சொல்லினு வெளிய வருமா சார்?"

லைட்மேன்கள் வரை சிரித்தார்கள். பிறகு நீங்களே செய்து காட்டினீர்கள். பக்க வளைகளை மண்ணால் அடைத்தீர்கள். ஓட்டைப் பானையில் வைக்கோலைப் பற்றவைத்து, மிச்சமிருந்த வளைக்குள் புகையை ஊதினீர்கள். அப்புறம் தரையில் காது வைத்துப் படுத்தீர்கள்.

"கம்னு இருங்க. அது இன்னும் யோசிச்சினு கீது."

மொத்த யூனிட்டும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது. அந்தப் படத்தில் பொய்யில்லாத காட்சி அது ஒன்றுதான்.

ஆனால் இயக்குநருக்கு உங்கள் பேச்சில் காட்டுத்தனம் போதவில்லையாம். டப்பிங்கில் ஒரு மிமிக்ரிக்காரர் வந்து, எந்த ஊரிலும் எவரும் பேசாத ஒரு மொழியை உங்கள் வாயில் திணித்தார். நானும் அங்கேதான் இருந்தேன். மறுநாள் நீங்கள் போன் செய்தீர்கள்.

"தம்பி, டப்பிங் எப்போ? நாலு நாளா பீடி தொடல. தொண்டை சும்மா கணீர்னு கீது."

"சொல்றேண்ணா" என்றேன். சொல்லவில்லை. வேலை போய்விடுமோ என்ற பயம். உங்கள் முகம் வேண்டும், குரல் வேண்டாம் என்றவர்களில் நானும் ஒருவன்.

தாம்பரம் தியேட்டரில் குடும்பத்தோடு படம் பார்த்துவிட்டு வெளியே வந்தீர்கள். திட்டுவீர்கள் என்று வாசலில் காத்திருந்தேன்.

"நடக்கறது நான்தான் தம்பி. பேசறது யாரு?"

திட்டியிருக்கலாம். அடுத்த மழைக்காலத்தில் மஞ்சள் காமாலை உங்களைக் கொண்டுபோனது.

இன்று, தயாரிப்பாளரின் மூன்றாவது அழைப்பை எடுத்தேன்.

"பொண்ணு ஃபேஸ் சூப்பர்ப்பா. வாய்ஸுக்கு மட்டும் வேற ஆள் வெச்சுக்கலாம். இன்னும் கொஞ்சம் ராவா, காட்டுத்தனமா இருக்கணும்."

"மாட்டேன் சார். அவ குரல் இல்லன்னா இந்தப் படத்துல நானும் இல்ல."

"யோசிச்சு சொல்றேன்" என்று வைத்துவிட்டார்.

படம் கையை விட்டுப் போகலாம். உங்கள் மகளிடம் இன்னும் எதுவும் சொல்லவில்லை. அடுத்த காட்சியைப் போடச் சொல்லிவிட்டேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் பேசுகிறாள், உங்களைப் போலவே கணீரென்று. போன் என் முன்னால் கிடக்கிறது.

கம்மென்று இருக்கிறேன், அண்ணா. அது இன்னும் யோசிச்சினு கீது.