எழுபது மைல்

அன்புள்ள அம்மாவுக்கு மகள் அயோனி எழுதுவது. முழங்கால் வலி குறைந்ததா? நான் நலம்.

மொன்டானாவில் பனி கொட்டுகிறது. மருத்துவச்சி பார்க்கும் பிரசவத்துக்கு இன்சூரன்ஸ் கம்பெனி இனிப் பணம் தராதாம், டாக்டர் பார்த்தால்தானாம். எங்கள் பிரசவ இல்லத்தில் பிரசவம் பார்ப்பதைப் போன மாதமே நிறுத்திவிட்டோம், இப்போது பரிசோதனை மட்டும்தான். எனக்கும் ஓய்வுதான்.

செவ்வாய்க்கிழமை கெய்லீன் வலியோடு வந்து நின்றாள். அவளுடைய முதல் இரண்டு பிள்ளைகளும் என் கையில் பிறந்தவை.

"இதையும் நீங்களே பாருங்கக்கா."

நிர்வாகி மெரிடித் அழாத குறையாகச் சொன்னாள்: "வேண்டாம் அயோனி. மீறிப் பார்த்தா பரிசோதனைக்குத் தர்ற பணத்தையும் இன்சூரன்ஸ்ல நிறுத்திடுவாங்க, இல்லத்தையே மூட வேண்டி வரும். எழுபது மைல்தானே, ஆஸ்பத்திரிக்கு அனுப்பிடு."

கெய்லீனின் கணவன் ஓட்ட, நானும் அவர்கள் காரில் ஏறிக்கொண்டேன். பாதி வழியில் தலை வெளியே வந்து, தோள் சிக்கிக்கொண்டது. தாயை மண்டியிட வைத்தால் பிள்ளை வந்துவிடும். அந்தப் பின்சீட்டில் அதற்கு இடமில்லை, வெளியே இறக்கவும் முடியாத பனி. பையன் வந்தபோது உயிரில்லை.

"உங்க ரூம்லயே பெத்திருந்தா பொழச்சிருப்பானாக்கா?"

"தெரியலம்மா" என்றேன். எனக்குத் தெரியும்.

நீங்கள் கவலைப்படாதீர்கள். ஊரிலிருந்து யாராவது வந்தால் இஞ்சி மிட்டாய் கொடுத்தனுப்புங்கள். நான் போனை எடுக்காவிட்டாலும் ஏதாவது பேசிப் பதிவு செய்யுங்கள், கோழிகளைப் பற்றியாவது.

கெய்லீனுக்குப் பால் கட்டிக்கொண்டதாம். போய்ப் பார்க்க வேண்டும், நிறுத்துகிறேன்.

அயோனி