மூன்றாவது மணி

பிளேஸ்டோ, லண்டன்

அன்புள்ள துஷ்யந்திக்கு,

நான் நல்ல சுகம். உமது முழங்கால் நோவு குறைந்ததா? நான் நேரத்துக்குச் சாப்பிடுவதாக அம்மாவுக்குச் சொல்லும்.

நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் யாரோமீர் என்றொரு செக் நாட்டு நடிகர் இருக்கிறார். பிராக் நகர மேடைகளில் அரசனாக நடித்தவர். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தெட்டில் ரஷ்ய டாங்கிகள் அங்கே புகுந்தபோது லண்டனுக்கு ஓடிவந்தார். அவர் பேசும் ஆங்கிலத்தைக் கேட்டுவிட்டு, இங்கே சினிமாவில் எப்போதும் ரஷ்ய அதிகாரி வேடம்தான் கொடுத்தார்களாம். யாருக்குப் பயந்து ஓடினாரோ, அவர்களாகவே நடித்துச் சீவித்திருக்கிறார்.

போன கிழமை அவர் அறையை விட்டு வரவில்லை. “தம்பி, மனுசன் காலமையில இருந்து ஒண்டும் வாயில வைக்கேல்லை” என்றார் என்னோடு வேலை செய்யும் பாலாம்பிகை அக்கா. கேட்டால், மூன்றாவது மணி அடிக்காமல் மேடைக்குப் போக முடியாது என்கிறார். நாடகம் தொடங்குமுன் மூன்று மணி அடிப்பது அவர்கள் ஊர் அரங்கில் வழக்கமாம். நான் கரண்டியால் கிளாஸில் மூன்றுமுறை தட்டினேன். தலை சீவி, நிமிர்ந்து நடந்து வந்து, சாப்பாட்டு அறையில் எல்லாருக்கும் குனிந்து வணங்கினார். கிழவிகள் கைதட்டினார்கள்.

தினமும் பக்கத்தில் ஒரு கதிரையை வெறுமையாக வைப்பார். பிராக்கை விட்டு வெளியேற அனுமதி கிடைக்காமலே இறந்துபோன மனைவிக்கு. நேற்று உம்மைப் பற்றிக் கேட்டார். விசா இன்னும் வரவில்லை என்றேன். எழுந்துபோய் இன்னொரு கதிரையை இழுத்து வைத்தார்.

எங்கள் ஊர்ச் சுஜீத் லண்டனுக்கு வரும்போது எங்கள் சாமியறைச் சின்ன மணியைக் கொடுத்துவிடும். கரண்டிச் சத்தம் இப்போது அவருக்குச் சரியாகக் கேட்பதில்லை. மணியை உமது பழைய சேலையொன்றில் சுற்றும். சேலையைத் தோய்க்க வேண்டாம்.

பஸ் வருகிறது.

உமது,
கஜேந்திரன்