கறுத்த உடுப்போட குந்தினவனுக்கு

மச்சான்,

இண்டைக்கு சென் ஜேம்ஸ் ரவுணுக்குக் கிட்ட இருக்கிற அந்த மண்டபத்துக்குக் கூப்பிட்டிருந்தவை, போனனான். ஜப்பான் நடன ரீச்சரிட்டைப் படிச்ச பொம்பிளையள் பழைய உடுப்புப் பெட்டியைத் திறந்தவை. பூச்சி உருண்டை மணத்தோட ஒரு கறுத்த உடுப்பு வந்துது, முகம் மூடுற துணியும் அதோட. நீ போட்டது. உடன எனக்கு வயித்தெரிச்சல் துவங்கீற்றுது. செத்தவனைப் பாத்துப் பொறாமைப்படுற முதல் மனிசன் நான்தான் போல.

நாங்கள் ரெண்டு பேரும் கலியாண வீடியோ எடுத்துத் திரிஞ்ச காலம். அந்த ரீச்சர், வயசான மனிசி, "என்ரை ஆட்டம் என்னோட போகக்கூடாது, படமாக்கித் தாங்கோ" எண்டு வந்தா. நான் கலியாணவீட்டுப் பழக்கத்தில முகத்தையும் கொண்டையையும் கிட்டக் கிட்டப் பிடிச்சன். கறுத்த உடுப்போட முகத்தையும் மூடிப் பின்னால குந்தியிருந்த ஒரு ஜப்பான்காரர் விசிறி எடுத்துக் குடுக்க வர, "அண்ணை, மறைக்காதேங்கோ!" எண்டு தமிழில கத்தினன். நீ வயித்தைப் பிடிச்சுக்கொண்டு சிரிச்சாய்.

ரீச்சர் படத்தைப் பாத்திட்டுத் தலையில கை வைச்சா. "காலைக் காணேல்லை. விசிறி குடுக்கிறவரையும் காணேல்லை. மேடையில அவரைக் கண்டாலும் காணாத மாதிரித்தான் சனம் இருக்கும், அது எங்கட வழக்கம். ஆனா படம் அவரைக் காணவேணும். இல்லாட்டில் பிறகு படிக்கிறவைக்கு ஆர் காட்டுறது?"

திரும்ப எடுக்கப் போன அண்டு அந்த மனிசனுக்குக் காய்ச்சல். ரீச்சர் முதல் என்னைத்தான் கேட்டா. "முகத்தை மூடிப் பேய் மாதிரிக் குந்த எனக்கென்ன விசரே?" எண்டன். "நான் குந்துறன்" எண்டாய் நீ. முடிய ரீச்சர் உனக்கு இடுப்பு வரைக்கும் குனிஞ்சு கும்பிட்டா. எனக்கு வெறும் தாங்க்யூ.

இப்ப ரீச்சரும் இல்லை. அந்தப் படத்தை வைச்சுத்தான் படிக்கினம். நிப்பாட்டி நிப்பாட்டி உன்ரை கையைப் பாக்கினம். எடுத்தவன் நான், அதில என்ரை நிழல்கூட இல்லையடா!

பிறகு ஒரு பிள்ளை விசிறி குடுக்கிறதைச் செய்து காட்டினா. இடது காலைப் பக்கத்தால நீட்டி, கொஞ்சம் நிண்டு, சரிஞ்சு குந்தினா. "இது எங்கட ரீச்சரின்ரை முறை. வேற ஒருத்தரும் இப்பிடிக் குந்தமாட்டினம்" எண்டு எனக்கே பெருமையாச் சொன்னா.

டேய், எந்த முறை? பனியில வழுக்கி விழுந்து உடைஞ்ச உன்ரை முழங்கால் அது! ரீச்சர் பாவம் பாத்து ஒண்டும் சொல்லாமல் விட்டவ.

வாய் வரைக்கும் வந்துது. சொல்லிவிட்டா உன்ரை மவுசு அதோட சரி. "பிள்ளை, உது..." எண்டு துவங்கினன். என்னெண்டு கேட்டுக்கொண்டே அவ திரும்பவும் குந்தினா.

ஊர்ப்பட்ட கலியாணத்தைப் பிடிச்சம். நீ எழும்பி இருந்து திரியிற ஒரு துண்டுகூட என்னட்டை இல்லை. இந்தப் படத்திலயும் முகம் மூடிக் கிடக்கு. ஆனா அங்க, என்ரை கண்ணுக்கு முன்னால, நீ குந்தினாய்.

"இன்னும் கொஞ்சம் சரிஞ்சு குந்துங்கோ, பிள்ளை" எண்டன். "அவன் அப்பிடித்தான்."

அந்த முழங்கால் கதை தெரிஞ்ச ஒரே ஆள் இப்ப நான்தான். ஒருத்தருக்கும் குடுக்கமாட்டன்.